நாளைப் போவாரும் பந்து போகும் தூரமும்

1690இல் தேவனாம்பட்டினம் கோட்டையை மராட்டியரிடமிருந்து கிழக்கிந்தியக் கம்பெனி விலைக்கு வாங்கியபோது, சுற்றிலும் எவ்வளவு நிலம் சேரும் என்பதற்குப் பீரங்கிதான் அளவுகோல். குண்டு போய் விழுந்த தூரம்வரை கம்பெனிக்கு. கடலூரை ஒட்டிய குண்டு உப்பலவாடி இன்னமும் அந்தப் பெயரைச் சுமக்கிறது. சுடுகிறவன் வெளியைத் தீர்மானிக்கிறான். அங்கே குடியிருப்பவனை யாரும் கேட்பதில்லை. 'கோல்ஃபா? அது பெரிய எடத்து ஆட்டமாச்சே, நமக்கென்ன?' என்று கேட்கும் சிதம்பரத்து நண்பர்களுக்கு நான் இதிலிருந்துதான் பதில் சொல்ல வேண்டியிருக்கிறது.

1829இல் கல்கத்தாவில் கோல்ஃப் கிளப் வந்தது. பிறகு ராணுவக் குடியிருப்புகளும் மலைவாசஸ்தலங்களும் போன இடமெல்லாம் ஆட்டமும் போனது. ஆடுகிறவரின் பையைச் சுமப்பவனுக்குப் பெயர் கேடி. (நம்மூரில் இதே ஒலி போலீஸ் பட்டியலில் இருப்பவனைக் குறிப்பது தற்செயல்தான்.) புல்லின் சாய்வும் காற்றின் போக்கும் அவனுக்கு அத்துப்படி. ஆனால் மட்டை அவனுடையதல்ல. அறிவு ஒருவனிடம், ஆடும் உரிமை இன்னொருவனிடம்.

1964இல் தொடங்கிய இந்தியன் ஓப்பன் போட்டியை, மறு ஆண்டே பி. ஜி. சேதி வென்றார். அவர் அமெச்சூர், அதாவது பிழைப்புக்காக ஆடாதவர். பிழைப்புக்காக ஆடும் இந்தியர் ஒருவர் வெல்ல 1991 ஆனது: கேடியாக இருந்த அலி ஷேர். 2009இல் வென்ற பெங்களூர் முனியப்பாவும் கேடியாகத் தொடங்கியவரே.

இப்போது முகேஷ் குமாருக்கு வருவோம். மத்தியப் பிரதேசத்தின் மோவ் ஊர்க்காரர். 1891இல் அம்பேத்கர் பிறந்த அதே ராணுவக் குடியிருப்பு. முகேஷ் குமார் 2016 டிசம்பரில் தில்லியில் பானசோனிக் ஓப்பனை வென்றபோது வயது 51. ஆசிய டூரில் முதல் வெற்றி பெற்றவர்களிலேயே மூத்தவர். 'காலந்தாழ்ந்த வெற்றி' என்பதே செய்தியின் சாரம். ஆனால் அதற்கு முன்பே உள்நாட்டில் நூற்றுக்கும் மேற்பட்ட பட்டங்களை அவர் வென்றிருந்தார். அப்படியானால் தாமதமாக வந்தது யார்? அவரா, அவரைப் பார்க்க வந்த கண்களா? 'தாமதம்' என்ற சொல்லே யாரோ ஒருவரின் கடிகாரத்தைப் பொதுக் கடிகாரமாக்கிவிடும் சொல்லாடல்.

இந்தக் கடிகாரம் சிதம்பரத்துக்காரர்களுக்குப் புதிதல்ல. பெரிய புராணம் நந்தனுக்கு வைத்த பெயர் திருநாளைப்போவார். ஒத்திவைப்பே பெயராகிவிட்ட மனிதன். சேக்கிழார் பிரதியில் தயக்கம் அவனுக்குள்ளேயே நிகழ்கிறது. தன் பிறப்பை நினைத்து அவனே தள்ளிப் போடுகிறான். பத்தொன்பதாம் நூற்றாண்டில் கோபாலகிருஷ்ண பாரதி எழுதிய நந்தனார் சரித்திரத்தில் ஓர் ஆண்டை நுழைகிறார். நிலத்து வேலையை முடிக்காமல் போகக் கூடாது என்கிறார். சேக்கிழாரிடம் அப்படி ஒருவர் இல்லை. பாரதியின் நோக்கம் என்னவாக இருந்தாலும், 'நாளை' யாருடைய கையில் இருந்தது என்பதை இரண்டாவது பிரதி காட்டிக்கொடுத்துவிடுகிறது. உழைப்பவனின் நேரம் அவனுடையதல்ல. அதனால்தான் அவன் 'லேட்டா' வருகிறான்.

இரண்டையும் ஒன்றாக்கிவிடுவதாக யாரும் நினைக்க வேண்டாம். சாதி வேறு, கிளப்பின் வர்க்கக் கட்டமைப்பு வேறு. ஒன்றின் கொடுமையை மற்றதால் அளக்க முடியாது. ஆனால் கதை சொல்லும் முறை ஒன்றாக இருக்கிறது. நந்தன் தீயில் இறங்கிய பிறகுதான் உள்ளே போகிறான். வாசல் மாறுவதில்லை, அவன் உடல்தான் மாறுகிறது. வெற்றிக் கதைகளும் இப்படித்தான் வேலை செய்கின்றன. ஒருவருடைய விடாமுயற்சியைக் கொண்டாடி உள்ளே அழைத்துக்கொள்கின்றன; அவரை இத்தனை ஆண்டுகள் வெளியே நிறுத்தியது எது என்ற கேள்வியை எரித்துவிடுகின்றன.

முகேஷ் குமாரின் பட்டம் பெரிய சாதனை, சந்தேகமில்லை. அதைவிடப் பெரியது அந்த 51 என்ற எண் எழுப்பும் கேள்வி. பை சுமந்தபடி இன்றைக்கும் பின்னால் நடந்துகொண்டிருப்பவர்களில் எத்தனை பேருக்கு அந்த எண் வரும்வரை மட்டை கிடைக்கும்?