காசி முற்றமும் ஒரு காஷ்மீர்க்காரரும்

சத்யஜித் ரேயின் 'அபராஜிதோ'வை (1956) மறுபடி பார்த்தேன். அப்புவின் குடும்பம் காசியில் குடியிருக்குமே, முற்றம் வைத்த வீடு... அது காசியிலேயே இல்லை! படித்துறைகள் நிஜம். வீடு மட்டும் கல்கத்தா ஸ்டுடியோவில் போட்ட செட். போட்டவர் கலை இயக்குநர் பன்சி சந்திரகுப்தா.

முற்றம் என்றால் மேலே வானம் வேண்டுமே? நம்ம ஊர்ப் பழைய வீடுகளில் பார்த்திருப்பீர்கள், முற்றத்து வெளிச்சம் நிழல் தட்டாமல் சுவரெல்லாம் பரவும். ஸ்டுடியோ விளக்கை நேராக அடித்தால் ஆளுக்கு நாலு நிழல் விழுந்து குட்டு உடைந்துவிடும். ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா செட்டுக்கு மேலே வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டி, கீழேயிருந்து விளக்குகளை அதன்மேல் அடித்தார். துணியில் பட்டுத் திரும்பிய வெளிச்சம்தான் அந்தக் காசி வானம்.

பன்சி வங்காளியே அல்ல. 1924ல் சியால்கோட்டில் பிறந்து, காஷ்மீரில் வளர்ந்து, ஓவியராகும் ஆசையில் கல்கத்தா வந்தவர். பிரெஞ்சு இயக்குநர் ழான் ரெனுவார் 'தி ரிவர்' எடுக்க அங்கே வந்தபோது அதில் வேலை பார்த்தார். பிறகு 'பதேர் பாஞ்சாலி' தொடங்கி ரேயின் படங்களில் பல வீடுகள் இவர் கைவேலை. 'சாருலதா'வில் (1964) வங்காளிகள் தங்கள் கொள்ளுப்பாட்டி வீடு என்று உருகும் அந்த மாளிகையின் உள்கட்டும்கூட!

உள்ளூர்க்காரன் தினம் கடந்துபோகும் தாழ்ப்பாளும் சுவர்க் கறையும் பிழைக்க வந்தவன் கண்ணில்தான் படும் என்று எனக்குத் தோன்றும். (வெளியூரில் முதல் வாடகை வீட்டை நாம் எப்படிப் பார்த்தோம்?)

பன்சி 1981ல் அமெரிக்காவில் காலமானார்.