காவற்காடும் காப்புக்காடும்

ஆரணியிலிருந்து படவேட்டிற்குச் செல்வோர் பெரும்பாலும் ரேணுகாம்பாளை வணங்கிவிட்டுத் திரும்பிவிடுகின்றனர். ஊருக்கு மேற்கே எழும் சவ்வாது மலைக்காடுகளுக்கும் ஒரு வரலாறு உண்டு. காவற்காடு, காப்புக்காடு என்னும் இரு சொற்களைக் கொண்டு அதனை ஈண்டு நோக்குவோம்.

படவேடு என்பது படைவீடு என்பதன் திரிபு. சம்புவராயரின் தலைநகர் அது. நீர், வெட்டவெளி, மலை, காடு ஆகிய நான்கும் அமைந்ததே அரண் என்பார் வள்ளுவர். அந்நான்கும் இங்கு ஒருங்கே அமைந்திருந்தன. பகைவர் எளிதில் நெருங்காதபடி அரணைச் சூழ்ந்து வளர்க்கப்பட்ட காட்டைப் பழந்தமிழர் காவற்காடு என்றனர். மிளை என்றும் வழங்கினர். 14-ஆம் நூற்றாண்டில் விசயநகர இளவரசன் குமார கம்பணன் படையெடுத்து வந்தபோது, சம்புவராயன் இராசகம்பீர மலைக்கோட்டையில் ஒதுங்கியதைக் கம்பணனின் தேவி கங்காதேவி இயற்றிய 'மதுராவிசயம்' கூறுகிறது. கோட்டை வீழ்ந்தது, காடு நின்றது.

அக்காட்டிற்கு அடுத்த நெருக்கடி கோடரியால் வந்தது. 1856-இல் இராயபுரத்திலிருந்து வாலாஜா வரை தென்னிந்தியாவின் முதல் இருப்புப்பாதை திறக்கப்பட்டது. எஞ்சின்கள் விறகைத் தின்றன. அதே ஆண்டில்தான் கிளெக்ஹார்ன் சென்னை மாகாணத்தின் வனக்காவலராக அமர்த்தப்பட்டார் என்பது கருதத்தக்கது. பின்னர் வனங்களை அரசுடைமையாக்கும் சட்ட வரைவு வந்தபோது, சென்னை வருவாய் வாரியமே அதனை எதிர்த்தது. ஏதேனும் ஓர் ஊரின் எல்லைக்குள் அடங்காத காடு இம்மாகாணத்தில் அரிது என்பது அதன் வாதம். எனினும் 1882-இல் சென்னை வனச்சட்டம் நிறைவேறியது. ஒரு நிலத்தைக் காப்புக்காடாக்கும் முன் வழி, மேய்ச்சல், வனவிளைபொருள், நீர்வழி ஆகியவற்றின் மீதான உரிமைகளை அலுவலர் விசாரிப்பார். கெடுவுக்குள் கோரப்படாத உரிமை அழிந்துபோகும்.

சொல்லின் பொருள் இங்கே தலைகீழாகிறது. காவற்காடு மக்களைக் காத்தது. காப்புக்காடோ மக்களிடமிருந்து காக்கப்பட்டது. சவ்வாது மலையில் சாமை விதைத்தும் தேன் எடுத்தும் வாழ்ந்த மலையாளிப் பழங்குடியினர், தம் முன்னோர் நடந்த தடத்திலேயே அத்துமீறியோர் ஆயினர்.

சட்டத்தால் தீமை மட்டுமே விளைந்தது என்று நாம் கூறவில்லை. அது இல்லாதிருந்தால் மலைச்சரிவுகள் மொட்டையாகியிருக்கவும் கூடும். மலையில் மழைநீரைத் தாங்கி மெல்ல விடும் காடு இருப்பதனால்தான் கமண்டல நதிக்கு ஊற்றுண்டு; செண்பகத்தோப்பு அணைக்கு நீருண்டு; ஆரணியின் வயலுக்கும் ஈரமுண்டு. ஆனால் அந்தப் பயனின் விலையை மலைமேல் உள்ளவர்களே செலுத்தினர். அதனைக் கீழே வாழும் நாம் எண்ணிப் பார்த்ததில்லை.

2006-ஆம் ஆண்டின் வன உரிமைச் சட்டம் அக்கணக்கைத் தீர்க்க முற்பட்டது. தமிழகத்தில் நீதிமன்றத் தடையால் பட்டா வழங்கல் நின்றிருந்தது. 2016-இல்தான் வழி திறந்தது. தம் காட்டைக் காக்கவும் மேலாளவும் கிராம சபைக்கு உரிமையுண்டு என்கிறது அச்சட்டம். அது மெய்யாக நடைமுறைக்கு வருமாயின், காக்கப்படும் காட்டிற்கு அங்கு வாழ்வோரே காவலராவர். படைவீட்டின் பழஞ்சொல் அன்று தன் பொருளை மீளப் பெறும்.