சிரிக்க வைத்த பனிமயதாசன்

ஜூபிலி மலர் என்றால் ஆலயம் எழுந்த வரலாறும், பங்கைப் பேணிய குருக்களின் நினைவும் இடம்பெறுவது வழக்கம். இவற்றினிடையே ஒரு சினிமா நடிகருக்கு என்ன வேலை என்று அன்பர் சிலர் கேட்கலாம். கடலோரக் கத்தோலிக்கக் குடும்பமொன்றில் பிறந்து, நம் தெருக்களின் தமிழைத் திரையில் பேசி, நம்மையெல்லாம் சிரிக்க வைத்த ஒருவரை இம்மலரில் நினைவுகூர்வது தகும் என்றே நாம் கருதுகிறோம்.

ஜே.பி. சந்திரபாபு 1927-ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் தூத்துக்குடியில் பிறந்தார். ஜோசப் பனிமயதாஸ் என்பது அவர் பெயர். முத்துக்குளித்துறை மக்கள் தாயெனப் போற்றும் பனிமய மாதாவின் தாசன் என்று பொருள். தந்தையார் ரொட்ரிகஸ் விடுதலைப் போராட்ட வீரர். ஆங்கில அரசின் அடக்குமுறையால் குடும்பம் கொழும்பு சென்றது. சந்திரபாபு அங்கேயே படித்து வளர்ந்தார். 1943-இல் குடும்பத்துடன் சென்னை வந்து திருவல்லிக்கேணியில் குடியேறினார்.

1947-இல் 'தன அமராவதி' படத்தில் சிறு வேடம் கிடைத்தது. பின்னர் வாய்ப்புத் தேடி ஏறி இறங்காத படியில்லை. மனமுடைந்து 1952-இல் ஜெமினி ஸ்டூடியோவில் தற்கொலைக்கு முயன்றார். உயிர் பிழைத்தவரைச் சட்டம் குற்றவாளியாக நீதிமன்றத்தில் நிறுத்தியது. அதே ஆண்டில் அதே ஜெமினியின் 'மூன்று பிள்ளைகள்' படத்தில் அவர் நடித்தார் என்பதை இளைஞர் மனத்திற் கொள்ள வேண்டும். இருண்ட அந்த ஒரு நாளோடு அவர் கதை முடிந்திருந்தால் தமிழ்த் திரை எவ்வளவு இழந்திருக்கும்!

'குலேபகாவலி' (1955), 'புதையல்' (1957), 'நாடோடி மன்னன்' (1958) என்று புகழ் வளர்ந்தது. தம் பாடல்களைத் தாமே பாடினார். மேல்நாட்டாரின் 'யோடலிங்' முறையில் குரலைச் சட்டென உயர்த்தித் தாழ்த்திப் பாடும் பாணியைத் தமிழ் மக்களுக்குப் பழக்கினார். குடியரசுத் தலைவர் இராதாகிருஷ்ணன் முன்னிலையிலும் பாடினார்.

வடசென்னை மக்களாகிய நமக்கு 1958-இல் வந்த 'சபாஷ் மீனா' தனிச் சொந்தம். இரட்டை வேடத்தில் ஒன்றாக, ரிக்‌ஷா இழுக்கும் தொழிலாளியாக வந்து மெட்ராஸ் பாஷையை மணக்க மணக்கப் பேசினார். எண்ணூரிலும் திருவொற்றியூரிலும் தொழிற்சாலைகள் பெருகிவந்த காலம் அது. துறைமுகத்திலும் இராயபுரத்துச் சந்துகளிலும் உழைப்பவன் பேசும் பேச்சைக் கொச்சையென்று ஒதுக்கியவர்களும் அன்று அரங்கில் கைதட்டினர். கைரிக்‌ஷா 1973-இல் தமிழகத்தில் ஒழிக்கப்பட்டது, பாஷை நிலைத்தது.

1960-இல் கவிஞர் கண்ணதாசன் தயாரித்த 'கவலை இல்லாத மனிதன்' படத்தில் அவரே கதாநாயகர். வாழ்விலோ கவலை விடவில்லை. இல்லறம் நிலைக்கவில்லை. எம்.ஜி.ஆரைக் கொண்டு தொடங்கிய 'மாடி வீட்டு ஏழை' நின்றுபோனது, கடன் சூழ்ந்தது, ஆசையாய்க் கட்டிய வீடும் கைவிட்டுப் போனது. 1966-இல் 'தட்டுங்கள் திறக்கப்படும்' படத்தைத் தாமே இயக்கினார். நற்செய்தியின் வாக்கையே தலைப்பாக வைத்தும் வெற்றிக் கதவு திறக்கவில்லை. குடியும் நோயும் உடலை அரித்தன. 1974 மார்ச்சில், 46 வயதில் காலமானார். சாந்தோம் பகுதியில், க்விபிள் தீவுக் கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் செய்யப்பட்டார்.

மனமுடைந்து உயிரை மாய்க்க முயன்றவரை அன்று உலகம் கடிந்து நோக்கியது. தன்னுயிரை மாய்த்துக்கொண்டவருக்குத் திருச்சபை அடக்கச் சடங்கை மறுத்த 1917-ஆம் ஆண்டுச் சட்டத்தின் தடை, 1983-ஆம் ஆண்டுச் சட்டத்தொகுப்பில் இல்லை. நாட்டின் 2017-ஆம் ஆண்டு மனநலப் பராமரிப்புச் சட்டமும் அத்தகையோரைக் கடும் மன அழுத்தத்தில் இருப்பவராகக் கொண்டு, சிகிச்சையும் பராமரிப்பும் அளிக்கப் பணிக்கிறது. சட்டங்கள் இரங்கக் கற்றுக்கொண்டன, நாம் கற்றோமா?

ஆலை வாயிலில் வேலைக்குக் காத்து நின்று வெறுங்கையோடு திரும்பும் இளைஞன், குடியில் வீழ்ந்த தந்தை, எல்லோரையும் சிரிக்க வைத்துவிட்டுத் தனியே அழுபவர் - இவர்கள் நம் தெருவிலும் உண்டு. அவர்கள் தட்டும்போது நம் வீட்டுக் கதவாவது திறக்கட்டும். ஜூபிலியின் மெய்யான மகிழ்ச்சி அதுவே.

பனிமயதாசனின் ஆன்மா இறைவனில் இளைப்பாறுவதாக.