அணிவிட்டு அணி: பேஸ்பால் இன்ஃபீல்டரின் தொழில் வரலாறு

அமெரிக்கப் பேஸ்பாலின் வரலாற்றை எழுதியோர் பெரும்பாலும் ஹோம் ரன்களைக் குவித்த வீரர்களையும் பெரும் பிட்சர்களையும் சுற்றியே எழுதியுள்ளனர். ஆயினும் அவ்விளையாட்டு ஒரு தொழிலாக எவ்வாறு நடந்தது, உழைத்தவருக்கும் அணி உரிமையாளருக்கும் இடையே எத்தகைய உறவு நிலவியது என்பதை அறிய, ஆண்டுதோறும் ஊரும் அணியும் மாறிப் பிழைத்த நடுத்தர ஆட்டக்காரர்களின் வாழ்வே தெளிவான சான்றாகும். அந்நாட்டினர் இவர்களை ஜர்னிமேன் என்பர். வேலை தெரிந்தவர், எந்த இடத்திலும் நம்பி நிறுத்தத் தக்கவர், எனினும் எந்த அணியும் தனக்கென நெடுங்காலம் வைத்துக்கொள்ளாதவர் என்பது அதன் பொருள். இவர்களுள் இன்ஃபீல்டர்களுக்குத் தனி இடம் உண்டு.

பேஸ்பாலில் அடித்தவர் ஓடிக் கடக்க வேண்டிய மூன்று பேஸ்களும், அவர் நின்று அடிக்கும் ஹோம் பிளேட்டும் 90 அடிக்கு ஒன்றாகச் சதுர வடிவில் அமைந்துள்ளன. இச்சதுரத்தை ஒட்டிய பகுதி இன்ஃபீல்டு எனப்படும்; பேஸ் ஒவ்வொன்றுக்கும் ஒருவரும், இரண்டாம் பேஸுக்கும் மூன்றாம் பேஸுக்கும் இடையில் ஷார்ட்ஸ்டாப் என்னும் ஒருவருமாக நால்வர் அதைக் காப்பர். தரையில் சீறிவரும் பந்தைக் குனிந்து எடுத்து, ஓடுபவர் முதல் பேஸை அடையுமுன் அங்கே எறிந்து சேர்க்க இவர்களுக்குச் சில விநாடிகளே கிடைக்கும். ஆகையால் ஷார்ட்ஸ்டாப்பிலும் இரண்டாம் பேஸிலும் நிற்பவர் சுமாராக அடித்தாலும், கை சுத்தமாக இருந்தால் வேலை கிடைத்தது. இவ்விரண்டோடு மூன்றாம் பேஸிலும் நிற்கத் தெரிந்தவர் யூட்டிலிட்டி இன்ஃபீல்டர், அதாவது எவ்விடத்திலும் மாற்றாக இறக்கப்படுபவர், என்ற பெயருடன் பெஞ்சில் இடம் பெற்றார். அத்தகைய ஒருவர் எல்லா அணிகளுக்கும் தேவைப்பட்டார். ஆனால் இன்னார்தான் வேண்டும் என்று எந்த அணியும் கருதவில்லை. அவர்களுடைய அலைச்சலின் வேர் இங்கேதான் இருக்கிறது.

இந்த அலைச்சல் ஆட்டக்காரரின் விருப்பத்தால் நேர்ந்ததன்று. 1879ஆம் ஆண்டில் நேஷனல் லீக் அணிகளின் உரிமையாளர்கள் தமக்குள் ஓர் உடன்பாடு செய்து, ஒவ்வோர் அணியும் ஐந்து ஆட்டக்காரர்களைத் தனக்கென ஒதுக்கிக்கொள்ளலாம், அவர்களை வேறு எந்த அணியும் வேலைக்கு எடுக்கலாகாது என்று விதித்தனர். ரிசர்வ் விதி எனப்பட்ட இது சில ஆண்டுகளுக்குள் அணியின் அனைத்து ஆட்டக்காரர்களுக்கும் விரிந்தது. ஒப்பந்தக் காலம் முடிந்த பின்னும் ஆட்டக்காரர் அதே அணிக்குக் கட்டுப்பட்டவராகவே இருந்தார். அணியோ அவரை விற்கலாம், மாற்றிக் கொடுக்கலாம், சில நாள் அறிவிப்பில் விலக்கவும் செய்யலாம். இதை முதலில் எதிர்த்து நின்றவரும் ஓர் இன்ஃபீல்டரே என்பது நினைவில் வைக்கத் தக்கது. பிட்சராகத் தொடங்கி நியூயார்க் அணியின் ஷார்ட்ஸ்டாப்பாக மாறிய ஜான் மான்ட்கோமரி வார்டு, கொலம்பியாவில் சட்டம் பயின்று, 1885இல் ஆட்டக்காரர்களின் முதல் சங்கத்தை அமைத்தார். ஆட்டக்காரன் ஒருவரின் உடைமைப் பொருளா என்று 1887இல் எழுத்தில் கேட்டார். 1890இல் ஆட்டக்காரர்களும் பங்கு பெறும் தனி லீக் ஒன்றையே தொடங்கினார். அந்த லீக் ஓராண்டே நீடித்தது. 1922இல் உச்ச நீதிமன்றம், பேஸ்பால் ஆட்டங்கள் மாநிலங்களுக்கிடையிலான வணிகம் ஆகா என்று கூறி, ஏகபோகத் தடைச் சட்டத்தின் பிடியிலிருந்து அதை விடுவித்தது. மாநிலம் விட்டு மாநிலம் ரயிலேறிச் சென்று பிழைத்தவர்களைப் பற்றிய இத்தீர்ப்பு, அத்தொழிலின் நடப்பைச் சிறிதும் கண்டுகொள்ளாத ஒன்று.

இதற்கிடையில் செயின்ட் லூயிஸ் கார்டினல்ஸ் அணியை நடத்திய பிராஞ்ச் ரிக்கி, 1920களில் சிற்றூர் அணிகளை வாங்கியும் ஒப்பந்தம் செய்துகொண்டும் ஃபார்ம் முறை என்னும் பண்ணை அமைப்பை வளர்த்தார். மேஜர் லீக் என்னும் உச்ச நிலைக்குக் கீழே, தரத்துக்கேற்ப ஆங்கில எழுத்துகளால் வகுக்கப்பட்ட மைனர் லீக்குகள் இருந்தன. அங்கே இளைஞர்களை மலிவாகச் சேர்த்து வளர்த்து, தேறியவர்களை மேலே எடுப்பதும் எஞ்சியோரை விற்பதும் இதன் நோக்கம். மற்ற அணிகளும் இதைப் பின்பற்றின. 1949இல் அமெரிக்காவில் 59 மைனர் லீக்குகள் இயங்கின. மேஜர் லீக்கிலோ 16 அணிகள் மட்டுமே இருந்தன. செயின்ட் லூயிஸுக்கு மேற்கே அவற்றுள் ஒன்றும் இல்லாததால், கலிஃபோர்னியா முதலிய மேற்கு மாநிலங்களில் மைனர் லீக்கான பசிபிக் கோஸ்ட் லீக்கே பெரிய பேஸ்பாலாக விளங்கியது.

அந்த உலகத்தில் ஒருவருடைய வாழ்க்கை எவ்வாறு அமைந்தது என்பதற்கு ஜாக் லார்க் பொருத்தமான சான்று. 1924இல் லாஸ் ஏஞ்சலஸில் பிறந்த இவர் மூன்றாம் பேஸ் ஆட்டக்காரர்; தேவைப்பட்டபோது இரண்டாம் பேஸிலும் ஷார்ட்ஸ்டாப்பிலும் நின்றார். பசிபிக் கோஸ்ட் லீக்கைச் சேர்ந்த சான் டியேகோ அணிக்கு உரியவராக இருந்த அவர், இரண்டாம் உலகப் போரில் படைவீரராக நார்மண்டியிலும் பல்ஜ் போரிலும் களம் கண்டார். ஊர் திரும்பும்போது அவருக்கு ஒதுக்கப்பட்டிருந்த விமான இருக்கை மேலதிகாரி ஒருவருக்குக் கொடுக்கப்பட்டதாகவும், அவ்விமானம் விழுந்து அதிலிருந்த அனைவரும் இறந்ததாகவும் அவரைப் பற்றிய வரலாறுகள் கூறுகின்றன. 1946இல் சான் டியேகோ அவரை வாஷிங்டன் மாநிலத்திலுள்ள ஸ்போகேன் அணிக்கு அனுப்பி வைத்தது. அங்கே அவருடைய பேட்டிங் சராசரி 0.345, அதாவது ஆயிரம் வாய்ப்புக்கு 345 முறை வெற்றிகரமாக அடிக்கும் கணக்கு. ஓர் இன்ஃபீல்டருக்கு இது மிக உயர்ந்தது.

அவ்வாண்டு ஜூன் 24ஆம் நாள் ஸ்போகேன் அணியினர் கேஸ்கேட் மலைத்தொடரைக் கடந்து பிரெமர்டனுக்குப் பேருந்தில் சென்றுகொண்டிருந்தனர். அக்காலத்தில் கீழ்நிலை மைனர் லீக் அணிகள் விமானத்தையோ ரயிலையோ நாடும் அளவுக்கு வருவாய் உடையவையாக இல்லை. பழைய பேருந்துகளில் இரவும் பகலும் மலைச்சாலைகளைக் கடப்பதே அங்கே வழக்கம். எல்லன்ஸ்பர்க் என்னும் ஊரில் உணவுக்காக நின்றபோது, சான் டியேகோ திரும்ப அழைத்துள்ளது, உடனே புறப்பட வேண்டும் என்ற செய்தி லார்க்குக்குக் கிடைத்தது. அவர் தோழர்களிடம் விடைபெற்று, வழியில் வந்த வண்டிகளை நிறுத்தி ஏறி, தம் பொருள்களை எடுக்க ஸ்போகேனுக்குத் திரும்பினார். பேருந்து மேலே சென்று ஸ்னோகுவால்மி கணவாய் அருகே, எதிரே வந்த காருக்கு விலகும்போது சாலையைவிட்டு மலைச்சரிவில் உருண்டு தீப்பற்றியது. அணியின் மேலாளரும் ஆட்டக்காரருமான மெல் கோல் உட்பட ஒன்பது பேர் இறந்தனர். அவர்களுள் பலர் போரிலிருந்து அண்மையில்தான் திரும்பியிருந்தனர். அமெரிக்கத் தொழில்முறை அணி விளையாட்டுகளில் நேர்ந்த மிகக் கொடிய விபத்துகளுள் இது ஒன்று.

இதன்பின் செய்தித்தாள்கள் லார்க்கை 'லக்கி' என்றே அழைத்தன. அவர் அப்பெயரை விரும்பவில்லை. அதில் வியப்பதற்கு ஒன்றும் இல்லை. நண்பர்கள் ஒன்பது பேரின் சாவை ஒருவனுடைய நற்பேறாகச் சொல்லிக்காட்டும் பெயர் அது. வரலாற்றாசிரியர் நோக்கிலும் அப்பெயர் ஓர் உண்மையை மறைக்கிறது. அவரைப் பேருந்திலிருந்து இறக்கியது, அவர்மீது உரிமை கொண்ட அணி பிறப்பித்த ஓர் அலுவலக உத்தரவு. அதே உரிமையால்தான் அவர் அவ்வூருக்கு அனுப்பப்பட்டிருந்தார். அப்பேருந்தில் இருந்த எவரும் தாம் எங்கு ஆட வேண்டும் என்பதைத் தாமே முடிவு செய்திருக்க இயலாது.

அவ்வாண்டின் இறுதியில், மைனர் லீக் ஆட்டக்காரர்களை மேஜர் லீக் அணிகள் நிர்ணயித்த விலைக்கு எடுத்துக்கொள்ளும் டிராஃப்ட் வழியாக, நியூயார்க் ஜயன்ட்ஸ் அவரைத் தேர்ந்தது. 1947இல் மூன்றாம் பேஸில் நின்ற அவர் அடித்த ஒரு ஹோம் ரன், அப்பருவத்தில் அணியின் 183ஆவது ஆகி, யாங்கீஸ் அணி 1936இல் நிறுவிய 182 என்ற சாதனையைக் கடந்தது. ஆயினும் அவருக்கு அங்கே நிலையான இடம் கிடைக்கவில்லை. 1949 இறுதியில் ஆல்வின் டார்க்கும் எட்டி ஸ்டாங்கியும் ஷார்ட்ஸ்டாப்பையும் இரண்டாம் பேஸையும் பிடித்தனர். மூன்றாம் பேஸ் ஹேங்க் தாம்சனுக்குப் போனது. 1951இல் ஜயன்ட்ஸ் லீக் பட்டம் வென்று உலகத் தொடருக்குச் சென்றபோது லார்க் அணியில் இருந்தாலும், அது பெரும்பாலும் பெஞ்சு வாழ்க்கையே. அடுத்த இரு பருவங்கள் ஃபிலடெல்பியாவில் கழிந்தன. அதன்பின் பசிபிக் கோஸ்ட் லீக்குக்கே திரும்பினார். மேஜர் லீக்கில் ஏழு பருவங்களில் 354 ஆட்டங்கள், சராசரி 0.242, ஹோம் ரன்கள் 22 என்பவை அவருடைய கணக்கு.

லார்க் பெஞ்சில் அமர்ந்திருந்த அதே ஆண்டுகளில், ஜயன்ட்ஸின் பண்ணை அணியான மினியாபொலிஸில் ரே டான்ட்ரிட்ஜ் மூன்றாம் பேஸில் ஆடிக்கொண்டிருந்தார் என்பதை இங்கே விட்டுவிட இயலாது. 1913இல் பிறந்த இக்கறுப்பின ஆட்டக்காரர், 1947இல் கறுப்பினத்தவரான ஜாக்கி ராபின்சன் மேஜர் லீக்கில் நுழையும்வரை நிலவிய இனத்தடையால், நீக்ரோ லீக்கிலும் மெக்சிகோவிலும் கியூபாவிலும் தம் சிறந்த ஆண்டுகளைக் கழித்தவர். அவருடைய கைத்திறனுக்கு இணையானவர் அக்காலத்தில் மிகச் சிலரே. 1950இல் மினியாபொலிஸ் ஆடிய அமெரிக்கன் அசோசியேஷன் லீக்கின் மிகச் சிறந்த ஆட்டக்காரர் விருது அவருக்குக் கிடைத்தது. ஆனாலும் மேஜர் லீக்கில் ஒரே ஓர் ஆட்டத்துக்குக்கூட ஜயன்ட்ஸ் அவரை அழைக்கவில்லை. 1987இல் சிறந்த ஆட்டக்காரர்களைப் போற்றும் பேஸ்பால் ஹால் ஆஃப் ஃபேம் அவரை ஏற்றுக்கொண்டது. அவர் இழந்த ஓர் ஆட்டத்துக்கு அது ஈடாகாது.

ரிசர்வ் விதி 1970களில்தான் உடைந்தது. உருக்குத் தொழிலாளர் சங்கத்திலிருந்து வந்த பொருளியலாளர் மார்வின் மில்லர் 1966இல் ஆட்டக்காரர் சங்கத்தின் தலைமையை ஏற்று, 1968இல் முதல் கூட்டு ஒப்பந்தத்தின் வழியாகக் குறைந்தபட்ச ஆண்டு ஊதியத்தை 6,000 டாலரிலிருந்து 10,000 டாலராக உயர்த்தினார். தம்மைக் கேளாமல் ஃபிலடெல்பியாவுக்கு மாற்றியதை எதிர்த்து ஆட்டக்காரர் கர்ட் ஃபிளட் தொடுத்த வழக்கு 1972இல் தோற்றது. 1975 டிசம்பரில் நடுவர் பீட்டர் சைட்ஸ் அளித்த தீர்ப்பு இரு பிட்சர்களை விடுவித்து அவ்விதியைச் செயலற்றதாக்கியது. இதன் பெரும் பயன் நட்சத்திரங்களுக்கே சென்றது என்று பலரும் எழுதுவர். ஆனால் நடுத்தர ஆட்டக்காரருக்கு, உயர்ந்த குறைந்தபட்ச ஊதியமே வாழ்வை மாற்றியது. 2022இல் அது 7 லட்சம் டாலர். அலைச்சல் மட்டும் நிற்கவில்லை. 2005 ஜூலையில் டொராண்டோ அணி ஜான் மெக்டொனால்டு என்னும் ஷார்ட்ஸ்டாப்பை டெட்ராய்ட்டுக்குக் கொடுத்து, அதே ஆண்டு நவம்பரில் பணம் கொடுத்து அவரையே திரும்ப வாங்கியது. 2013இல் அவர் ஒரே பருவத்தில் நான்கு அணிகளுக்கு ஆடினார். எனினும் 16 பருவங்கள் மேஜர் லீக்கில் நீடித்த அவருக்கு, லார்க்கின் காலத்தவர் கண்டிராத ஊதியமும் ஓய்வூதியமும் கிடைத்தன.

ஓய்வூதியத்தில்தான் இத்தொழிலின் ஆறாத காயம் இருக்கிறது. 1980க்கு முன் மேஜர் லீக்கில் நான்காண்டுப் பணி முடித்தவருக்கே ஓய்வூதியம் உண்டு. அவ்வாண்டு ஒப்பந்தம் அதை 43 நாளாகக் குறைத்தது, ஆனால் முன்பே ஆடி முடித்தவர்களைச் சேர்க்கவில்லை. அவ்வாறு விடுபட்டோருள் பலர், நான்காண்டு நிறைவதற்குள் மேலும் கீழுமாகத் தூக்கி எறியப்பட்ட மாற்று ஆட்டக்காரர்கள். 2011இல்தான் அவர்களுக்குப் பணிக்காலத்தைப் பொறுத்து ஆண்டுக்கு அதிகபட்சம் 10,000 டாலர் தர ஏற்பாடாயிற்று. அதுவும் பெறுபவர் இறந்தவுடன் நின்றுவிடும், மனைவிக்குச் செல்லாது. பல நூறு கோடி டாலர் வருவாய் ஈட்டும் ஒரு தொழில், தன்னைத் தாங்கிய முதியவர்களுக்கு இவ்வளவே தருவது நியாயமாகாது. மைனர் லீக் ஆட்டக்காரர்கள் 2022இல் சங்கத்தில் சேர்ந்து, 2023இல் தம் முதல் ஒப்பந்தத்தைப் பெற்றபோது, மேஜர் லீக்குக்கு அடுத்த நிலையில் ஆடுவோரின் குறைந்தபட்ச ஆண்டு ஊதியம் 17,500 டாலரிலிருந்து 35,800 டாலராக உயர்ந்தது. வார்டு சங்கம் அமைத்து அப்போது 138 ஆண்டுகள் ஆகியிருந்தன.