தெருவே அரங்காகிய வரலாறு: சிறுவர் தொலைக்காட்சியில் ஜோன் ஸ்ரோனின் பணி

காட்சியமைப்பு என்பது நடிகருக்குப் பின்னால் நிற்கும் வெறும் அலங்காரம் என்ற எண்ணமே பொதுவாக நிலவுகின்றது. ஆயின், ஒரு நிகழ்ச்சி யாருடைய குழந்தையை நோக்கிப் பேசுகின்றது என்பதை உரையாடலுக்கு முன்னரே உணர்த்திவிடுவது காட்சியமைப்பேயாகும். அமெரிக்க ஐக்கிய நாடுகளில் 1969 நவம்பர் 10ஆம் திகதி ஒளிபரப்பாகத் தொடங்கிய ‘செசமி ஸ்ரீட்’ என்னும் சிறுவர் நிகழ்ச்சியும், அதனை உருவாக்கியோருள் ஒருவரான ஜோன் ஸ்ரோனின் (1931–1997) பணியும் இதற்குத் தக்க சான்றுகளாகும்.

யேல் பல்கலைக்கழகத்தில் நாடகக்கலை பயின்ற ஸ்ரோன், ‘கப்டன் கங்காரு’ என்னும் நிகழ்ச்சியின் எழுத்தாளராகச் சிறுவர் தொலைக்காட்சியிற் பயிற்சி பெற்றவர். அக்காலச் சிறுவர் நிகழ்ச்சிகள் பெரும்பாலும் கோட்டைகள், பொம்மை வீடுகள், சர்க்கஸ் கூடாரங்கள் ஆகியவற்றையே களமாகக் கொண்டிருந்தன. நகரத்து ஏழைக் குழந்தையின் வாழிடம் அவற்றில் இடம்பெறவில்லை.

1960களில் நிலைமை மாறலாயிற்று. 1964இல் குடியியல் உரிமைச் சட்டம் நிறைவேறியது. 1965இல் வறிய பாலருக்கான ‘ஹெட் ஸ்ராட்’ திட்டம் தொடங்கியது. வறிய குழந்தைகள் பள்ளியில் நுழையும்போதே பின்தங்கிவிடுகின்றனர் என்ற கவலை வலுத்தது. தொலைக்காட்சி வாயிலாக இக்குறையைப் போக்க ஜோன் கான்ஸ் கூனி என்னும் அம்மையார் முனைந்தார். 1968இல் ‘சிறுவர் தொலைக்காட்சிப் பட்டறை’ நிறுவப்பட்டது. கார்னகி, போர்ட் நிதியங்களும் மத்திய அரசும் உதவ, ஏறத்தாழ 80 இலட்சம் டொலர் திரட்டப்பட்டது.

இப்பணிக்கு அழைக்கப்பட்ட ஸ்ரோன், நகரச் சேரிகளின் அவலத்தைக் காட்டிய தொலைக்காட்சி விளம்பரமொன்றினால் தூண்டப்பட்டுத் தெருவையே களமாக்க எண்ணினார். நகரத்துச் சிறுவனுக்கு உலகம் தெருவிலேதான் நிகழ்கின்றது என்பது அவர் கருத்து. காட்சியமைப்பாளர் சாள்ஸ் ரோசன் நியூ யோர்க்கின் ஹார்லெம் முதலிய பகுதிகளை நேரிற் பார்வையிட்டு அத்தெருவை வடிவமைத்தார். பழுப்புக் கல் வீடு, அதன் வாயிற்படிகள், மூலைக்கடை, குப்பைத் தொட்டிகள், பழைய கதவுகளாலான வேலி என்பன அதில் இடம்பெற்றன. அவ்வீட்டிலே கறுப்பினத் தம்பதியர் குடியிருந்தனர்.

எனினும், 1969 யூலையில் பிலடெல்பியாவிற் பரீட்சார்த்தமாகக் காட்டப்பட்டபோது, தெருக்காட்சிகளிற் குழந்தைகளின் கவனம் சிதறியது. கற்பனையையும் நடப்பையும் கலத்தலாகாது என்ற உளவியலாளரின் ஆலோசனைப்படி பாவைகள் தெருவிலிருந்து விலக்கப்பட்டிருந்தமையே இதற்குக் காரணமாகும். அவ்வாலோசனை கைவிடப்பட்டது. ஜிம் ஹென்சனின் கைவண்ணத்தில் பெரும் பறவையொன்றும், குப்பைத் தொட்டியில் வாழும் ஒஸ்காரும் தெருவுக்கு வந்தனர். காட்சியமைப்பும் இயக்கமும் பிரிக்கவியலாதன என்பதை இம்மாற்றம் உணர்த்தியது.

இக்களம் எதிர்ப்பின்றி ஏற்கப்படவுமில்லை. கறுப்பரும் வெள்ளையரும் ஒரே தெருவிற் கலந்து வாழ்வதைக் காட்டியமையால், 1970இல் மிசிசிப்பி மாநிலக் கல்வித் தொலைக்காட்சி ஆணையம் இந்நிகழ்ச்சியைத் தடைசெய்தது. கண்டனம் எழவே சில வாரங்களில் தடையை நீக்கியது. மறுபுறம், தம் இனத்தார் அத்தெருவிற் போதிய இடம்பெறவில்லை என லத்தீன் அமெரிக்க வழியினர் குறைகூறினர். 1971இல் மரியா, லூயிஸ் ஆகிய பாத்திரங்கள் சேர்க்கப்பட்டன. தெருவில் யார் வாழலாம் என்பதே இவ்விரு வாதங்களினதும் அடிப்படையாயிருந்தது.

மூலைக்கடைக்காரர் ஹூப்பராக நடித்த வில் லீ 1982 டிசம்பரில் மறைந்தார். வேறு நடிகரைக் கொண்டு அவ்விடத்தை நிரப்பாது, மரணத்தைக் குழந்தைகளுக்கு நேர்மையாக எடுத்துரைக்க நிகழ்ச்சியினர் துணிந்தனர். ஸ்ரோன் இயக்கிய அப்பகுதி 1983 நவம்பர் 24ஆம் திகதி ஒளிபரப்பாயிற்று. ஹூப்பர் இனித் திரும்பி வரமாட்டார் என்பதைப் பெரும் பறவை அறிந்துகொள்கின்றது. அது வரைந்த அவரது படம் பின்னர் அதன் கூட்டருகே நிலையாக மாட்டப்பட்டது.

கோட்டையிலோ பொம்மை வீட்டிலோ இவ்விழப்பு இத்துணை மெய்ம்மையுடன் புலப்பட்டிராது. பிழைப்பும் நட்பும் பிரிவும் நிகழும் இடமாகத் தெரு அமைந்தமையாலேயே மரணமும் அங்கு இயல்பாகப் பேசப்பட்டது. வறிய குழந்தையின் வாழிடமும் கல்விக்குரிய களமே என நிறுவியதிலேயே ஸ்ரோனின் வரலாற்று முக்கியத்துவம் தங்கியுள்ளது எனலாம்.