பெர்க்மன் படங்களில் இசை குறைந்த கதை: எரிக் நோர்ட்கிரேனின் திரைவாழ்வு

ஸ்வீடன் இயக்குநர் இங்மார் பெர்க்மனைப் பற்றி எழுதுகிறவர்கள் ஒளிப்பதிவாளர் ஸ்வென் நிக்விஸ்டுக்குப் பக்கம் பக்கமாக இடம் தருவார்கள். இசையமைப்பாளர் எரிக் நோர்ட்கிரேனின் பெயர் பெரும்பாலும் படப்பட்டியலோடு நின்றுவிடும். இத்தனைக்கும் 'தாகம்' (1949) தொடங்கி 'கன்னி ஊற்று' (1960) வரை பெர்க்மனுக்குப் பெயர் வாங்கித்தந்த படங்களில் பலவற்றுக்கு இசை அவருடையதே. அந்தப் பதினோரு ஆண்டுகளில் பெர்க்மனுக்குத் திரையிசை மீதே நம்பிக்கை குறைந்துவந்தது. நோர்ட்கிரேனின் வாழ்வை இந்த மாற்றத்தோடு சேர்த்துத்தான் படிக்க வேண்டும்.

தெற்கு ஸ்வீடனின் ஸ்கோனே மாகாணத்தில் 1913இல் பிறந்தவர் நோர்ட்கிரேன். ஸ்டாக்ஹோமின் அரச இசைக் கல்விக்கழகத்தில் பயின்றார். 1953 முதல் 1967 வரை ஸ்வென்ஸ்க் ஃபிலிமிண்டுஸ்ட்ரி நிறுவனத்தின் இசைத்துறைத் தலைவராக இருந்தார். ஆக, அவர் ஒரு ஸ்டுடியோ ஊழியர். வந்த படத்துக்கு வேண்டியதை எழுதித்தரும் கைத்தேர்ச்சி அவருக்கு இருந்தது. 'கோடை இரவின் புன்னகைகள்' (1955) போன்ற காதல் நகைச்சுவைக்கு ஒரு தொனி, இரண்டே ஆண்டுகளில் 'ஏழாவது முத்திரை'க்கு முற்றிலும் வேறொரு தொனி. சாண்ட்ரூஸ் நிறுவனத்துக்காகப் பெர்க்மன் எடுத்த 'கோமாளிகளின் மாலைப்பொழுது' (1953) படத்துக்குக் கார்ல்-பிர்கர் புளும்டால் என்ற நவீனத்துவர் இசையமைத்தார். அதன் கரடுமுரடான ஒலி நோர்ட்கிரேனிடம் கிடையாது. அதை ஒரு குறையாக நான் கருதவில்லை.

'ஏழாவது முத்திரை'யில் ஒரு காட்சி போதும். ஊர் முற்றத்தில் நாடகக்காரர்களான யோஃபும் மியாவும் மேடையேறி வேடிக்கைப் பாட்டு பாடுகிறார்கள். பாட்டு முடியுமுன் 'தியெஸ் ஈரே' என்னும் பழைய லத்தீன் இறுதித்தீர்ப்புப் பாடல் குறுக்கே வந்து விழுகிறது. சிலுவை சுமந்தும், தங்களைத் தாங்களே சவுக்கால் அடித்துக்கொண்டும் புகை மூட்டத்தில் ஓர் ஊர்வலம் வருகிறது. படம் நிகழும் கொள்ளைநோய்க் காலத்தின் இரண்டு மனநிலைகளும் இரண்டு பாட்டுகளாக மோதுகின்றன. நாடகக்காரர்களின் பாட்டு தோற்றுப் பாதியில் நிற்கிறது. இங்கே இசை காட்சிக்குப் பின்னணி என்று சொல்ல முடியாது. காட்சியில் நடப்பதே அதுதான்.

ஆனால் பெர்க்மனின் போக்கு வேறு திசையில் இருந்தது. 'வாழ்வின் விளிம்பில்' (1958) படத்தில் பின்னணி இசையே இல்லை. 1959இல் அவர் பியானோ கலைஞர் கேபி லாரெட்டேயை மணந்தார். அடுத்த ஆண்டு வந்த 'சாத்தானின் கண்' படத்தில் லாரெட்டே வாசித்த ஸ்கார்லட்டி ஒலிக்கிறது. 'கண்ணாடியினூடே மங்கலாக' (1961) படத்தில் பாஹின் இரண்டாம் செல்லோ தொகுப்பிலிருந்து சராபாந்து என்ற நடன இசைப்பகுதி ஒன்று மட்டும், அதுவும் சில இடங்களில்தான். 'குளிர்கால ஒளி'யில் (1963) தேவாலயத்தின் ஆர்கனும் துதிப்பாடல்களும் தவிர வேறொன்றுமில்லை. சினிமாவுக்கு இலக்கியத்தைவிட இசையே நெருங்கிய உறவு என்று நம்பியவர் பெர்க்மன். படமே இசைபோல் இயங்குமென்றால் அதற்கு மேல் இன்னொரு இசை எதற்கு? இந்தத் தர்க்கத்தில் நோர்ட்கிரேனுக்கு இடமில்லாமல் போனது. 1964இல் 'இந்தப் பெண்கள் எல்லோரையும் பற்றிப் பேசாதிருக்க' என்ற நகைச்சுவைப் படத்தில் பாஹுக்கும் வாழைப்பழத்தைப் பற்றிய பழைய வேடிக்கைப் பாட்டு ஒன்றுக்கும் இசைக்கோப்பு செய்வதே அவர் வேலையாயிற்று. படமும் சுமார்தான். 'பெர்சோனா'வுக்கு (1966) லார்ஸ் யோஹான் வெர்லே வந்துவிட்டார்.

இதைச் சரிவு என்று எழுதி முடித்துவிடுவது எளிது. ஆண்டுக்கணக்கு அதற்கு இடம்தரவில்லை. 'பெர்சோனா' வெளியான அதே 1966இல் யான் ட்ரோயெலின் முதல் முழுநீளப் படமான 'இதோ உன் வாழ்க்கை'க்கு இசையமைத்தவர் நோர்ட்கிரேன். வில்ஹெல்ம் மூபெரியின் நாவல்களைத் தழுவிய ட்ரோயெலின் 'குடிபெயர்ந்தோர்' (1971) படத்துக்கும் அவரே. ஸ்வீடனின் ஸ்மோலண்டு பகுதியின் கல்நிலத்தை விட்டு அமெரிக்காவுக்குக் கப்பலேறும் விவசாயக் குடும்பங்களின் நீண்ட கதை அது; மௌனத்தைக் கொள்கையாக வைத்திருந்த இயக்குநரின் படமல்ல. ஸ்டுடியோவில் கற்ற தொழில் அங்கே மறுபடி தேவைப்பட்டது.