கடனும் கோடும்

−3, −8 ஆகிய இரண்டில் எது பெரியது என்று சிறுவர்களைக் கேட்டால், −8 என்னும் விடை எங்கேனும் ஒரு மூலையிலிருந்து எழாமல் இராது. அதனை அறியாமை என்று ஒதுக்கிவிடுவது எளிது. ஆனால் கணித வரலாற்றில் அதே இடத்தில் பேரறிஞர்களும் தடுமாறி நின்றதைக் காண்கிறோம். குறை எண்களைக் கூட்டும் முறை மிகப் பழங்காலத்திலேயே தெளிந்துவிட்டது. ஒப்பிடும் முறை தெளியத்தான் நெடுங்காலம் ஆயிற்று.

சீனத்தின் பழைய கணித நூலான 'ஒன்பது அத்தியாயங்க'ளில் ஒரு கணக்கு வருகிறது. 2 மாடும் 5 ஆடும் விற்று 13 பன்றிகள் வாங்கினால் 1000 காசு மிஞ்சும் என்று அது தொடங்கும். விற்றதை மிகையாகவும் வாங்கியதைக் குறையாகவும் கொண்டு கணக்கிட்டனர். அந்நூலுக்குக் கி.பி. 263இல் உரை எழுதிய லியூ ஹுய், மிகைக்குச் சிவப்புக் குச்சியும் குறைக்குக் கறுப்புக் குச்சியும் வைக்குமாறு கூறுகிறார்.

பிரம்மகுப்தர் கி.பி. 628இல் இயற்றிய 'பிரம்மஸ்புட சித்தாந்தம்' இதனை விதிகளாகவே வகுத்தது. மிகை எண்ணுக்கு அவர் இட்ட பெயர் தனம். குறை எண்ணுக்கு ருணம், அதாவது கடன். இரு தனங்களின் கூட்டுத்தொகை தனம். இரு கடன்களின் கூட்டுத்தொகை கடன். தனமும் கடனும் சேர்ந்தால் அவற்றின் வேறுபாடே விடை. இரண்டும் சமமாயின் சூனியம். இன்றைய பள்ளிப் பாடமும் இதற்கு மேல் ஒன்றும் சொல்லிவிடவில்லை.

கூட்டலுக்கு இத்துணை உதவிய கடன் என்னும் உவமை, ஒப்பிடும்போது நம்மைக் குழப்புகிறது. எட்டு ரூபாய்க் கடன் மூன்று ரூபாய்க் கடனைவிடப் பெரிதுதானே! கடனின் அளவு வேறு, கடன்பட்டவனின் நிலை வேறு என்பதை உவமை தானாகச் சொல்வதில்லை.

17ஆம் நூற்றாண்டில் பிரெஞ்சு அறிஞர் அந்துவான் அர்னோ ஒரு வினா எழுப்பினார். 1-க்கு −1 எப்படியோ, அப்படியே −1-க்கு 1 என்கிறோம். அப்படியானால் பெரியதற்கும் சிறியதற்கும் உள்ள விகிதம், சிறியதற்கும் பெரியதற்கும் உள்ள விகிதத்துக்குச் சமமாவது எங்ஙனம்? ஆங்கிலேயரான ஜான் வாலிஸோ, 1656இல் வெளியான தம் நூலில் வேறொரு முடிவுக்குச் சென்றார். வகுக்கும் எண் சிறுத்துச் சூனியத்தை நெருங்க, ஈவு முடிவின்றிப் பெருகும். சூனியத்துக்கும் கீழான எண்ணால் வகுத்தால் கிடைப்பது முடிவிலியினும் பெரிதாகத்தானே இருக்கவேண்டும் என்று கருதினார்.

வழியைக் காட்டியவரும் அதே வாலிஸ்தான் என்பது வரலாற்றின் சுவை. 1685இல் வெளிவந்த இயற்கணித நூலில் அவர் ஒரு மனிதனை நேர்கோட்டில் நடக்கவிட்டார். ஐந்து கஜம் முன்னே சென்று, எட்டு கஜம் பின்னே வந்தால் அவன் நிற்குமிடம் −3. கூட்டல் இங்கே நடையாகிவிட்டது; ஒப்பீடு நிற்குமிடமாகிவிட்டது. −8 சூனியத்திலிருந்து அதிகத் தொலைவில் உள்ளது. ஆயினும் −3-க்குப் பின்னால் இருப்பதால் அதனினும் சிறியது. தொலைவும் வரிசையும் இரு வேறு செய்திகள். அர்னோவின் வினாவில் அவ்விரண்டும் ஒன்றாகக் கலந்திருந்தன.

கோடு வந்த பின்னும் ஐயம் உடனே அகலவில்லை. 1758இல்கூட பிரான்சிஸ் மாசெரஸ் குறை எண்களை மறுத்து ஒரு நூலே எழுதினார். இன்றோ லடாக்கின் திராஸ் ஊரில் −20 பாகைக் குளிர் என்று கேட்டால், அது −10-இனும் கீழானது என்பதை விளக்கமின்றியே அறிகிறோம். வெப்பமானியின் கண்ணாடிக் குழாயில் நாம் காண்பதும் நிமிர்த்தி வைத்த அதே கோட்டைத்தான்.